தக்காளி ஆணத்தைச் சோதிக்கப் பல்லேபொல போனது

மாத்தளையில் காலை ஏழு மணி பஸ்ஸில் ஏறியபோது என் கையில் ஒரு பெரிய தகரப் பெட்டி இருந்தது. உள்ளே ஒன்றும் கிடையாது. பல்லேபொலவுக்கு அப்பால் ஒரு கிராமத்தில் கட்டிக்கொடுத்திருந்த என் தங்கை ஸரீனாவின் உடுப்புகளை அள்ளிப் போட்டு, அவளையும் கையோடு வீட்டுக்குக் கூட்டிவருவதற்காக எடுத்துப் போன பெட்டி அது.

காரணம் அவள் புருஷன் ஹனிபா. மூன்று வருடம் ஆளைக் காணவில்லை. எப்போதாவது காசு மட்டும் வரும். இரண்டு மாதத்துக்கு முன் திரும்பி வந்து, இத்தாலிக்காரனுடைய கப்பல் குசினியில் சமையல் வேலை பார்த்ததாகச் சொன்னான். எங்கள் கடைத்தெருவில் ஒருவரும் நம்பவில்லை. கொழும்பில் இன்னொரு குடும்பம் என்றார்கள் பாதிப் பேர். மறியல் கம்பிக்குப் பின்னால் இருந்திருப்பான் என்றார்கள் மீதிப் பேர். கப்பல் கடதாசி காட்டினானாம். காசு கொடுத்தால் என்னையே கப்பல் கப்டன் என்று கடதாசி அடித்துத் தரவும் ஆள் இருக்கிறது. நான் பலசரக்குக் கடைக்காரன், எனக்கு லேசில் நம்பிக்கை வராது.

டிக்கட் அறுபது சதம். கண்டக்டர் பெட்டியைக் காலால் தட்டிப் பார்த்தான்.

"முதலாளி, உள்ள என்ன?"

"ஒண்ணுமில்ல."

"ஒண்ணுமில்லாத பெட்டிய யாராவது தூக்கிட்டுப் போவாங்களா?"

பெட்டியைக் கிட்ட இழுத்துக்கொண்டேன். பலாபத்வலையில் இடப்பக்கம் திரும்பிக் கொஞ்ச தூரம் போனதும் பஸ்ஸை நிறுத்தினார்கள். அரிசியை ஊர் விட்டு ஊர் கொண்டுபோகக் கூடாது என்று அரசாங்கம் பாதைக்குக் குறுக்கே தடை போட்டிருந்த காலம் அது. பொலிஸ்காரர் ஏறி, என் பெட்டியைத் திறந்து, மூலை முடுக்கெல்லாம் தடவி, மோந்தும் பார்த்தார். வெறும் பெட்டி எதற்கு என்று சிங்களத்தில் கேட்டார். திரும்பி வரும்போது நிறையும் ராலஹாமி என்று, பொலிஸ்காரரைக் கூப்பிடும் மரியாதையோடு சொன்னேன். சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

"அப்படியா? வா, வரும்போது பார்க்கிறேன்" என்று இறங்கிப் போனார்.

பல்லேபொலவில் இறங்கி இரண்டு மைல் நடை. இரு பக்கமும் வயல், அதை விட்டால் பலா மரங்களில் ஏறிய மிளகுக் கொடி. நல்ல காற்று. அனுபவிக்கத்தான் மனம் இல்லை. தோளில் பெட்டி இடித்துக்கொண்டே வந்தது.

ஸரீனா வாசலில் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். "வாங்க நாநா" என்றாள், அவ்வளவுதான். அவன் வந்த நாளிலிருந்து அவனோடு ஒரு வார்த்தை பேசவில்லையாம். சோறு போடுவாள், கோப்பையை வைப்பாள், போய்விடுவாள். ஹனிபா ஸலாம் சொல்லிவிட்டுப் பெட்டியைப் பார்த்தான். அவனுக்குப் புரிந்துவிட்டது.

"மச்சான், என்ன சொன்னா நம்புவீங்க?"

"சொல்ல வேணாம். கப்பல்ல தினமும் என்ன சமைச்சே?"

"தக்காளி ஆணம். இத்தாலிக்காரனுக்கு அது இல்லாட்டி விடியாது."

"அதச் சமைச்சுக் காட்டு. பொய்யின்னா தங்கச்சி என்னோட வருவா."

அந்தக் குழம்புக்காக அவன் தோட்டத்துக்குப் போய்ச் சாரத்தின் மடி நிறையத் தக்காளி பறித்து வந்தான். நான் குசினியில் பலகையைப் போட்டு, அவன் கையை விட்டுக் கண்ணை எடுக்காமல் உட்கார்ந்தேன். ஒவ்வொரு பழத்தின் அடியிலும் குறுக்கும் நெடுக்கும் கீறிக் கொதிநீரில் போட்டு எடுத்தான். தோல் தானாகக் கழன்று வந்தது. விதையைப் பிதுக்கி எறிந்தான். அட, பாதிப் பழத்தை வீசுகிறானே என்று வயிறு எரிந்தது. பிறகு அலுமாரியிலிருந்து, பிள்ளைகளுக்குச் சளி பிடித்தால் நெஞ்சில் தடவுகிற சைத்தூன் என்ற ஒலிவ் எண்ணெய்ப் போத்தலை எடுத்துச் சட்டியில் கவிழ்த்தான்.

"யா அல்லாஹ்! மருந்த ஊத்துறியே!"

"அங்க எல்லாத்துக்கும் இதுதான், மச்சான்."

நசுக்கிய உள்ளிப் பூண்டு நிறம் மாறுமுன் தக்காளியைப் போட்டான். விறகை இழுத்து நெருப்பைக் குறைத்தான். வெங்காயம் இல்லை, தேங்காய்ப்பால் இல்லை, கறிவேப்பிலை இல்லை. மிளகாய் கேட்டேன், வேண்டாம் என்றான். மிளகாய் தட்டுப்பாடான காலத்துக்கு ஏற்ற பொய்யாகத்தான் கட்டியிருக்கிறான் என்று நினைத்துக்கொண்டேன். ஒரு மணி நேரம் அது தண்ணீர் விடாமல் முணுமுணுத்துக்கொண்டு வெந்தது. கடைசியில் சர்பத்துக்குப் போடும் கசகசா விதையின், துளசி மாதிரி மணக்கும் செடியிலிருந்து நாலு இலை பறித்துக் கிள்ளிப் போட்டான்.

பிறகு கரண்டியில் கொஞ்சம் எடுத்தான். ஊதினான். கை வாய் வரைக்கும் போனது, அப்படியே நின்றது. கரண்டியைத் திரும்பச் சட்டியில் வைத்துவிட்டு யாரையோ தேடுகிறவன் போல் கதவுப் பக்கம் பார்த்தான்.

பிடித்துவிட்டேன் என்று எழும்பினேன். "ஏன் வாயில வைக்கல்ல? என்னத்தப் போட்டிருக்கே? இதுதானா அந்த ஆணம்? சரியா வந்திருக்கா, சொல்லு!"

"தெரியாது, மச்சான்."

"தெரியாதா? மூணு வருஷம் சமைச்சேன்னு சொன்னே!"

"சமைச்சேன். ஒரு நாளும் சாப்பிடல்ல." அவன் குரல் இறங்கியது. "அங்க அந்தச் சட்டியில பண்டி இறைச்சி விழும், சாராயம் விழும். நான் எப்படி வாயில வைக்கிற? எனக்கு வேற சட்டியில சோறும் முட்டையும். இது வெந்ததும் பெரிய குசினிக்காரன் வந்து ருசி பார்ப்பான். அவன் தலைய ஆட்டினா இறக்குவேன், கத்தினா இன்னும் வேக வைப்பேன். இப்ப இதுல ஹராம் ஒண்ணும் இல்ல, தெரியும். ஆனா கை போகுதில்ல."

திரும்பப் பலகையில் உட்கார்ந்தேன். பொய் சொல்கிறவனாக இருந்தால், அச்சு அசல் இதுதான் என்று சப்புக்கொட்டிக் காட்டியிருப்பான். நானும் தலையாட்டியிருப்பேன், இத்தாலி ருசியை நான் எங்கே கண்டேன்? மூன்று வருடம் பக்கத்தில் நின்று வேகவைத்ததில் ஒரு துளி வாயில் வைக்காதவனையா, யாரும் பார்க்காத ஊரில் இன்னொரு குடும்பம் வைத்தான் என்று பேசினோம்? வெட்கமாக இருந்தது.

ஸரீனா கதவடியிலிருந்து வந்தாள். கரண்டியை எடுத்தாள், ஊதினாள், வாயில் வைத்தாள். அவன் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான், மூச்சும் விடாமல்.

"உப்பு கொஞ்சம் போடுங்க" என்றாள். பிறகு தலையை ஆட்டினாள். "இறக்குங்க."

அவன் சட்டியை வெறுங்கையால் தூக்கப் போய், சுட்டுக்கொண்டு, சிரித்தான். அவளும் சிரித்துவிட்டு, கைபிடித் துணியை எடுத்து அவன் மேல் எறிந்தாள்.

கப்பலில் நூல் மாதிரி மா அவித்து அதன் மேல் ஊற்றுவார்களாம், இங்கே இடியப்பம். புளிப்பும் இனிப்புமாக இருந்தது. என் நாக்கு கடைசி வரை மிளகாயைத் தேடியது. எங்கள் வீட்டுத் தக்காளி ஆணத்தின் பக்கத்தில் வைக்க முடியாது என்றுதான் இன்றைக்கும் சொல்வேன். ஆனாலும் இரண்டாம் தடவை ஊற்றிக்கொண்டேன்.

நாலு மணி பஸ்ஸில் திரும்பினேன். அதே தடை, அதே பொலிஸ்காரர். என்னைக் கண்டதும் நேரே வந்து பெட்டியைத் திறந்தார். தடவினார். ஆவலோடு மோந்து பார்த்தார்.

"நிறையும் என்றாயே. போகும்போதும் வெறும் பெட்டி, வரும்போதும் வெறும் பெட்டி. பிறகு எதற்காக இதைத் தூக்கிக்கொண்டு போனாய்?"

"வெறும் பெட்டியாகத் திரும்பிக் கொண்டுவரத்தான், ராலஹாமி" என்றேன்.