பதிவு எண் 318: உட்கார எங்கே

எங்கள் தீவின் ஊராட்சி அலுவலகத்தில் யோர்டிஸ் என்ற பெண்மணி முப்பத்தொரு ஆண்டுகளாக ஒரே வேலையைச் செய்கிறார். வருகிற கடிதம் ஒவ்வொன்றுக்கும் எண் போட்டுப் பதிவேட்டில் ஏற்றுகிறார். அந்தப் பதிவேடு அன்றன்றே இணையத்தில் வெளியாகும். தீவில் யாரும் படிக்கலாம், எங்கள் உள்ளூர்ப் பத்திரிகை காலைக் காப்பியோடு படிக்கும். எண் விழுந்த கடிதத்துக்குப் பதில் எழுதியாக வேண்டும் என்பது சட்டம்.

பதினைந்து வயதில் கூடப் படித்தவர்கள் எல்லாரும் தேவாலயத்தில் விசுவாச உறுதிமொழி எடுத்து, வெள்ளிப் பொத்தான் வைத்த உடையும் விருந்தும் வாங்கிக்கொண்டார்கள். இவர் மட்டும் பாதிரியாரிடம், "படிச்சுப் பாத்தேன், நம்பிக்கை வரல" என்று சொல்லிவிட்டு வீட்டுக்கு நடந்தார். படித்துப் பார்க்காமல் எதையும் ஒதுக்குவதில்லை, ஏற்பதுமில்லை. அதனால்தான் திங்கட்கிழமைதோறும் வரும் ஒரு பட்டியலும் அவர் மேசைக்கு வந்து சேர்ந்தது.

ஊராட்சியின் இணையதளத்தில் ஒரு தேடல் பெட்டி இருக்கிறது. அதில் எதையாவது தட்டி விடை கிடைக்காமல் போனவர்களின் சொற்களை இயந்திரம் வாரம் ஒருமுறை அனுப்பும். பெயர் இருக்காது, நாளும் நேரமும் மட்டும். வேறு யாரும் அதைத் திறந்ததில்லை. பெரும்பாலும் பூனை விசைப்பலகையில் நடந்தது போன்ற எழுத்துகள். ஆனால் பிப்ரவரி மாதப் பட்டியல்களில் ஒரே வரி பதினொரு முறை வந்திருந்தது:

படகு போனபின் உட்கார எங்கே

காப்பி அறையில் அதைப் படித்துக் காட்டினார்.

"குடிகாரன்தான், சந்தேகமே இல்ல," என்றேன் நான். பக்கத்து மேசைக்காரன் என்ற உரிமையில் எனக்கு உளற அனுமதி உண்டு.

எங்கள் நிர்வாக இயக்குநர் ஆர்வித் வாஃபிள் அப்பத்தின் மேல் பழுப்புப் பாலாடைக்கட்டியைச் சீவிக்கொண்டிருந்தார். "சுற்றுலாக்காரங்க. அந்த வரியத் தட்டினா ஓட்டல் பக்கம் திறக்கிற மாதிரி வச்சிடுங்க. முடிஞ்சுது."

"பிப்ரவரியிலயா?" என்றார் யோர்டிஸ். "சுற்றுலாக்காரன் எங்க சாப்பிடலாம், எங்க தூங்கலாம்னு கேப்பான், ஆர்வித். உட்கார எங்கன்னு கேக்கறவன் நிக்க முடியாதவன்."

"ஒரு வரிய வச்சு நாவல் எழுதாதீங்க."

யோர்டிஸ் எழுதியது நாவல் அல்ல, அட்டவணை. பதினொன்றும் திங்கள், புதன், வெள்ளி. எல்லாம் மாலை ஐந்தரையை ஒட்டி. எதிரே பெருநிலக் கரையிலிருந்து மாலை ஆறு நாற்பதுக்குத் தீவுக்குக் கிளம்பிய படகை அக்டோபரிலிருந்து சோதனையாக நாலு ஐம்பதுக்கு மாற்றியிருந்தார்கள். அதை விட்டால் இரவு பத்துக்குத்தான் அடுத்தது. வருகிற வாரம் மன்றம் கூடி இதை நிரந்தரமாக்கப் போகிறது. ஆர்வித்தின் அறிக்கை தயார். அதன் கடைசி வாக்கியம்: "பயணிகளிடமிருந்து ஒரு புகாரும் வரவில்லை."

புதன்கிழமை யோர்டிஸ் அரைநாள் விடுப்பு எடுத்துக் கரைக்குப் போனார். ஐந்தரைக்குப் படகுத்துறையில் நின்றார். காத்திருப்பு அறை பூட்டியிருந்தது. கடை வாசலில் தள்ளுவண்டிகளை நிறுத்தும் கொட்டகையில், கவிழ்த்த மீன் பெட்டிகள் மேல் மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். மூவருக்கும் கையில் கட்டு. ஒருவர் எங்கள் தீவின் வடக்கு முனையைச் சேர்ந்த ஐலிஃப். எழுபது வயதைத் தாண்டிய பழைய மீனவர்.

"யாரு, நம்ம காகிதக்காரியா? உனக்கும் கிட்னி போச்சா?"

"எனக்குப் பொறுமைதான் போச்சு. இங்க என்ன பண்றீங்க?"

"வாரம் மூணு நாள் ஆஸ்பத்திரியில ரத்தத்தக் கழுவி அனுப்புறான். அஞ்சேகாலுக்கு விடுறான். படகு அதுக்கு முன்னாடியே ஓடிப்போயிடுது."

"ஊராட்சிக்கு ஏன் சொல்லல?"

"சொன்னேனே!" அவர் கைபேசியை எடுத்து, கட்டில்லாத கையின் கட்டைவிரலால் காட்டினார். "இந்தப் பெட்டியில எழுதினேன். ஒவ்வொரு தடவையும் 'முடிவுகள் பூஜ்யம்'ங்குது. சரி, நம்ம ஊராட்சிதானே, உண்மையத்தான் சொல்லுதுன்னு விட்டுட்டேன்."

மற்ற இருவரும் சிரித்தார்கள். யோர்டிஸ் சிரிக்கவில்லை. பத்து மணிப் படகு வரும்வரை அவர்களோடு அதே கொட்டகையில் உட்கார்ந்திருந்தார்.

மறுநாள் காலை பதினொரு வரிகளுக்கும் பதினொரு எண்கள் போட்டார், 318 முதல் 328 வரை. அனுப்புநர்: தீவுவாசி. பொருள்: படகு போனபின் உட்கார எங்கே. பதிவேடு வெளியான அரைமணியில் ஆர்வித் வந்து நின்றார்.

"தேடல் பெட்டி தபால் பெட்டி இல்ல, யோர்டிஸ்!"

"ஊராட்சிக்கு எழுத்துல வந்த கோரிக்கை. தபால்தலை ஒட்டியிருக்கணும்னு எந்தச் சட்டத்துல இருக்கு? காட்டுங்க."

"நீக்குங்க."

"நீக்கறேன். நீக்கினதையும் பதியணும். 'ஆர்வித் உத்தரவுப்படி'ன்னு போடவா, 'இயக்குநர் உத்தரவுப்படி'ன்னு போடவா?"

அந்த அறையில் ஒன்பது பேர் இருந்தோம். ஒன்பது பேரும் சாட்சி. ஆர்வித் கதவைச் சாத்திக்கொண்டு போனார்.

கேட்காதவன் காதில் எதுவும் விழாது. அதை "புகார் இல்லை" என்று எழுதுவது அறியாமை அல்ல, அயோக்கியத்தனம். நோயாளி மனு எழுதக் கற்றுக்கொண்டு வரட்டும் என்று ஓர் அலுவலகம் காத்திருக்குமானால், அதற்குக் கூரை எதற்கு, கதவு எதற்கு?

சனிக்கிழமைப் பத்திரிகையின் முதல் பக்கத்தில் அந்த மீன் பெட்டிகள் வந்தன. வியாழக்கிழமை மன்றத்தில் ஐலிஃப் முன்வரிசையில், இரண்டு நாற்காலிகளைப் பிடித்துக்கொண்டு, உட்கார்ந்தார். அறிக்கையின் கடைசி வாக்கியத்தை ஆர்வித்தே அடித்து நீக்க வேண்டியதாயிற்று. ஒன்பதுக்கு எட்டு என்ற வாக்குக் கணக்கில், திங்கள், புதன், வெள்ளியில் ஆறு நாற்பது படகு திரும்பக் கிடைத்தது. எட்டுப் பேர் கடைசிவரை கையைத் தூக்கவில்லை. அவர்கள் பெயர்களும் பதிவேட்டில் இருக்கின்றன.

அடுத்த வாரம் யோர்டிஸுக்கு எழுத்துமூல எச்சரிக்கை வந்தது: அதிகார வரம்பை மீறியதற்காக. அதைப் பிரித்துப் படித்தார். எண் 342 போட்டார். எண் விழுந்தால் பதில் வேண்டுமே. அதையும் அங்கேயே எழுதினார்.

"கிடைத்தது. மறுபடியும் செய்வேன்."