ஏழாம் நாள் ப்ளாஸ்க்

இந்த நாட்டில் இப்போது கடைக்குப் போய் ஒரு டின் பால் கேட்டால், கடைக்காரர் அதை அப்படியே கையில் கொடுத்துவிடுவதில்லை. மூடியில் ஆணியை வைத்துச் சுத்தியலால் ஒரு தட்டு தட்டுகிறார். ஓட்டை விழுந்த பிறகுதான் டின் நமக்கு. மீன் டின்னுக்கும் அதே கதிதான். ஊரில் இருக்கும் நீங்கள் இதை நம்பமாட்டீர்கள். அவசரகாலச் சட்டம் அப்படி. காட்டுக்குள் இருக்கும் கம்யூனிஸ்டுகளுக்குச் சாப்பாடும் மருந்தும் போய்ச் சேரக்கூடாது, அதனால் எந்தப் பண்டமும் நாள்பட இருக்கக்கூடாது. ஓட்டை டின் மறுநாளே புளித்துவிடும்.

நான் வேலை செய்யும் இடத்தில் எல்லாம் தலைகீழ். எதையாவது கெடாமல் நாள்பட வைக்க முடியுமா என்று பார்ப்பதுதான் அங்கே வேலையே. மலாக்கா டவுனில் ஒரு பழைய ஓட்டு வீட்டின் பின்னறை. மண்ணெண்ணெயில் ஓடும் ஒரு குளிர்ப்பெட்டி, ஒரு மைக்ராஸ்கோப், ஐஸ் போட்டு வைக்க மரத்தூள் நிரப்பிய பெட்டி. பாட்டில் கழுவுவதும் ஐஸ் வாங்கி வருவதும் என் பொறுப்பு. எட்டாம் வகுப்போடு நின்றவனுக்கு அது போதும். கூட்டத்தில் வாய் திறக்க வேண்டியதில்லை என்பதால்தான் அந்த வேலையை நான் விரும்பினேன்.

அந்த அறையை நடத்துபவர் டாக்டரம்மா. யாழ்ப்பாணத்துக் கிறிஸ்தவர். நோய்க்கு மருந்து தரும் டாக்டர் அல்லர். உயிருள்ளவற்றின் ரசாயனத்தைப் படித்துப் பட்டம் வாங்கியவர். லண்டனில் படிப்பை முடித்துவிட்டு, உறைகிற கடலில் மீன்கள் மட்டும் எப்படி உறையாமல் நீந்துகின்றன என்று பார்க்க இரண்டு குளிர்காலம் கப்பலில் இருந்தாராம். பிறகு இரத்தத்தைக் குளிரில் வைத்துப் பார்த்தார். அதன் பிறகு காளைகள். மலாக்காவில் இருந்த தகப்பனார் பக்கவாதத்தில் விழுந்ததும் எல்லாவற்றையும் விட்டுவிட்டு இங்கே வந்தார். குளிரையே படித்தவர், பஸ்ஸிலிருந்து இறங்குவதற்குள் ஐஸ் கட்டி பாதியாகிவிடும் ஊருக்கு வந்து சேர்ந்தார். கால்நடை இலாகா மேலதிகாரிகள் சிரித்தார்கள். வருடக் கடைசிக்குள் ஒரு கன்றாவது பிறப்பதற்கு வழி தெரியாவிட்டால் அறையைப் பூட்டிவிடுவதாகச் சொல்லிவிட்டார்கள்.

கன்று என்றேன். காளையின் விந்தை முட்டை மஞ்சள் கரு, சீனி, இன்னும் ஏதேதோ சேர்த்த நீரில் கலந்து, ஐஸ் குளிர்ச்சியில் ஏழு நாள் வைத்திருந்து, தூரத்தில் இருக்கும் பசுவுக்குச் செலுத்துவதுதான் அவருடைய சோதனை. இந்தச் சொல்லைக் காகிதத்தில் எழுதும்போதே என் காது சுடுகிறது. வேலைக்குச் சேர்ந்து இரண்டு வருடம் நான் அதை "அது" என்றுதான் சொல்லி வந்தேன்.

"மாணிக்கம், பேர் சொல்லாட்டி அது இல்லாமல் போயிடுமோ? நீர் கலியாண மாப்பிள்ளையோ, பொம்பிளையோ, இப்பிடி வெக்கப்படுறீர்?" என்பார்.

ஒருமுறை கேட்டேன், "குளிர்ல வச்சா செத்துப்போகாதாம்மா?"

"சாகேல்ல. பொறுத்திருக்குது. எவ்வளவு நாளைக்குப் பொறுக்கும் எண்டதுதான் எனக்குத் தெரியவேணும்."

அதற்கு முன் மூன்று முறை தோற்றுப்போனோம். மூன்று முறையும் வழியில் போலீஸ்காரர்கள் மூடியைத் திறந்து பார்த்தார்கள்; குளிர் போய்விட்டது. நான்காவது முறை அலோர் காஜாவுக்கு அப்பால் ஓர் எஸ்டேட்டில் பசு தயாராக இருந்தது. டாக்டரம்மா முந்தின நாளே அங்கே போயிருந்தார். காலையில் போன் வந்தது. "இண்டைக்குப் பின்னேரத்துக்குள்ள வரவேணும். மூடியை மட்டும் திறக்க விடாதேயும்."

ஈரத்துணியில் சுற்றிய ப்ளாஸ்க்கைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு பஸ் ஏறினேன். அதில் ஏழாம் நாள் சரக்கு. எஸ்டேட்டுக்கு இரண்டு மைல் முன்னால் போலீஸ்காரர்கள் தடுப்புப் போட்டிருந்தார்கள். எல்லாரையும் இறக்கினார்கள். பெண்களைச் சோதிக்க பாக்கியம் இருந்தாள்; முன்பு அதே எஸ்டேட்டில் ரப்பர் மரத்துப் பால்வெட்டுக்குப் போய்க்கொண்டிருந்தவள், ஊர்க்கதை முழுவதும் அறிந்தவள். ஆண்களைப் பார்த்தவர் ஒரு மலாய்க்காரக் கார்ப்ரல். ப்ளாஸ்க்கை வாங்கி முகர்ந்தார். மூடியோரத்தில் முட்டை வாடை.

இது என்ன என்று மலாயில் கேட்டார். சுற்றிலும் பெண்கள். அந்தச் சொல்லை விட்டுவிட்டு வேறு சொல்லைத் தேடினேன். "ஓபாட்," என்றேன். மருந்து.

மரியாதையான சொல் என்று நினைத்துச் சொன்னது அதுதான். முட்டை வாடை அடித்தால் சாப்பாடு. சாப்பாடு கொண்டுபோவது குற்றம். மருந்து என்றால் அதைவிடப் பெரிய குற்றம். கார்ப்ரலின் முகம் மாறிவிட்டது. யாருக்கு மருந்து, எந்த டாக்டர் கொடுத்தது, காட்டில் யாருக்குக் காயம் என்று கேள்விமேல் கேள்வி. டாக்டரம்மா கொடுத்த கடிதம் இங்கிலீஷில் இருந்தது. கார்ப்ரல் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இன்ஸ்பெக்டர் வரட்டும் என்று என்னை லாரி ஓரத்தில் உட்காரச் சொன்னார். ப்ளாஸ்க்கை வெயிலில் ஒரு பெட்டிமேல் வைத்தார்.

"பேச மாட்டேன்னா பிடிச்சு வச்சு, அப்புறம் கப்பல்ல ஏத்தி இந்தியாவுக்கே அனுப்பிருவாங்க," என்றார் பக்கத்தில் இருந்த ஒரு கிழவர், எனக்கு உதவி செய்கிற தோரணையில்.

என் மனைவி புதுக்கோட்டைப் பக்கம் இருக்கிறாள். பிரசவத்துக்கென்று போனாள்; இடையில் யுத்தம் வந்துவிட்டது. மகளுக்குப் பதின்மூன்று வயது. என்னைப் போட்டோவில்தான் தெரியும். வருகிறேன், வருகிறேன் என்று கடிதத்துக்குக் கடிதம் எழுதி வருகிறவன் நான். அந்த லாரி ஓரத்தில், ஊருக்குப் போகச் சொல்லிவிடுவார்களோ என்றுதான் பயந்தேன். இதை ஊரில் யாரிடமும் சொன்னதில்லை. இப்போதுதான் எழுதுகிறேன்.

பெட்டிமேல் இருந்த ப்ளாஸ்க்கைச் சுற்றிய துணி காய்ந்துகொண்டு வந்தது. உள்ளே ஐஸ் எவ்வளவு இருக்கும் என்று கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன். கார்ப்ரலுக்குப் பொறுமை போய்விட்டது. எழுந்து வந்து மூடியில் கை வைத்தார்.

"மாணிக்கண்ணே, வாயில என்ன கொழுக்கட்டையா? சொல்லித் தொலைங்கலா!" என்று பாக்கியம் கத்தினாள்.

"காளையோட விந்து!" என்றேன். எனக்கே அது என் குரலாகத் தெரியவில்லை. "பசுவுக்குப் போடறதுக்கு! தொறந்தா செத்துப்போயிரும்!"

பஸ்ஸில் வந்தவர்கள் அத்தனை பேரும் திரும்பினார்கள். கார்ப்ரலுக்குத் தமிழ் தெரியாது. மலாயில் அதற்கு என்ன சொல் என்று எனக்குத் தெரியாது. ப்ளாஸ்க்கைக் காட்டி, "பாப்பா லெம்பு," என்றேன். மாட்டின் தகப்பன்.

அவர் ப்ளாஸ்க்கைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். மாட்டின் தகப்பன் இதற்குள்ளேயா என்று கேட்டார். பாக்கியம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். பிறகு அவளே தனக்குத் தெரிந்த மலாயில், கையையும் சேர்த்து விளக்கினாள். கார்ப்ரல் மூடியிலிருந்து கையைச் சட்டென்று எடுத்துக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டார். அவரும் கம்பத்தில், அதாவது தன் கிராமத்தில், மாடு வளர்ப்பவராம். காளை இல்லாமலா, அதுவும் ஏழு நாள் பழையதா என்று தலையை ஆட்டினார். "போ, ஆனால் கன்று பிறந்தால் நான் வந்து பார்ப்பேன், பிறக்காவிட்டால் உன்னைத் தேடி வருவேன்," என்றார்.

பஸ் கிளம்பும்வரை காத்திராமல் இரண்டு மைலும் ஓடினேன். டாக்டரம்மா கையோடு கொண்டுவந்திருந்த மைக்ராஸ்கோப்பில் ஒரு சொட்டை வைத்துப் பார்த்தார். பிறகு, "கொஞ்சம் அசையுது," என்றார். "காணும்." போதும் என்பதை அவர் அப்படித்தான் சொல்வார்.

பசு சினைப்பட்டது, அறையை யாரும் பூட்டவில்லை. ஒன்பது மாதம் தாண்டிக் கன்று பிறந்தது. காளை நம் பக்கத்திலிருந்து கப்பலில் வந்த சாதி. பசு இந்த மண்ணின் சின்னச் செவலை. கன்றுக்குத் தாயின் நிறம், முதுகில் நம்மூர்த் திமில். சொன்னபடியே கார்ப்ரல் சைக்கிளில் வந்துவிட்டார். டாக்டரம்மா அவரிடம் நோட்டுப் புத்தகத்தைக் காட்டி ஏதோ விளக்கிக்கொண்டே இருந்தார். அவர் கன்றின் காதைத் தடவிக்கொண்டே தலையாட்டினார்.

"மலாக்கா மாடு," என்றார் கார்ப்ரல்.

"ஆமா, மலாக்காவாம்! நம்மூரு மாடுலா இது," என்றாள் பாக்கியம். "அப்பன் மொகத்தைப் பாக்காத புள்ளையா இருந்தாலும் திமிலப் பாத்தீங்களாண்ணே, அப்படியே உரிச்சு வச்சிருக்கு. நீங்க சொல்லுங்க, இது எந்த ஊரு?"

இருவரும் என்னைப் பார்த்தார்கள். கன்று காத்திராமல் தாயின் மடியை முட்டிக்கொண்டு குடிக்கத் தொடங்கிவிட்டது. கக்கத்தில் இப்போது ப்ளாஸ்க் இல்லை என்பதும், இருந்தும் கையை அதே மாதிரி இறுக்கிக்கொண்டு நிற்கிறேன் என்பதும் வெகுநேரம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது.