டிப்ஸாக வந்த நெய்மீன்

நாகர்கோவிலில் ஒரு டிராவல்ஸில் கார் ஓட்டுகிறேன். சம்பளத்தைக் கூட்டித் தரச் சொன்னால், "டிப்ஸு கெடைக்கும்லா மக்கா?" என்பார் முதலாளி. கிடைக்கும். ஆனால் அது என்ன உருவத்தில் வரும் என்று சொல்ல முடியாது.

ஒருநாள் குளச்சல் மீன் வியாபாரி ஒருவரையும் அவர் மகனையும் திருவனந்தபுரம் விமான நிலையத்திலிருந்து வீட்டில் கொண்டுவந்து விட்டேன். வெளிநாட்டிலிருந்து மகன் வந்த சந்தோஷம் அவருக்கு. "நில்லு, போயிராத" என்று துறைமுகத்துப் பக்கம் போனவர், ஒரு முழு நெய்மீனைச் சாக்கில் ஐஸ் போட்டுச் சுற்றிக் கொண்டுவந்தார். "வீட்டுல குடு. பிள்ளையள் தின்னட்டும்."

டிக்கியில் வைத்துக் கிளம்பினேன். உடனே முதலாளி போன்.

"கோயம்புத்தூர் பார்ட்டி ஸ்டேஷன்ல நிக்கி. நேரே போ."

"அண்ணாச்சி, வீட்டுக்கு ஒரு எட்டு..."

போனை வைத்துவிட்டார்.

வந்தவர்கள் கணவனும் மனைவியும். நெற்றி நிறைய விபூதி. கன்னியாகுமரி போகவேண்டும். பெட்டிகளை மீனுக்கு முன்னால் அடுக்கி மறைத்தேன். எங்கள் வண்டியில் டிக்கிக்கும் பின்சீட்டுக்கும் நடுவே தடுப்பு கிடையாது.

சுசீந்திரம் தாண்டவில்லை, அந்த அம்மா முந்தானையால் மூக்கைப் பொத்தினார். "ஏனுங்க, இதென்னங்க வாசம்?"

"கடல் பக்கத்துலல்லா அக்கா. காத்தடிச்சா அப்படித்தான்."

கணவர் கண்ணாடியை ஏற்றினார். கொஞ்ச நேரத்தில் இறக்கினார். மறுபடி ஏற்றிப் பார்த்தார்.

"தம்பி, ஏத்துனா அதிகமாகுது, இறக்குனா குறையுது. கடல் காருக்குள்ளயா இருக்குது?"

எனக்குக் குளிர்சாதனத்திலும் வியர்த்தது. வண்டியை விரட்டினேன்.

லாட்ஜ் வாசலில் வண்டியை நிறுத்தியதும் எங்கிருந்தோ இரண்டு பூனைகள் வந்து டிக்கிக்குப் பின்னால் உட்கார்ந்தன. கணவர் பூனைகளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். இனி மறைத்துப் பயனில்லை. சாக்கை எடுத்துக் காட்டி நடந்ததைச் சொன்னேன்.

"டிப்ஸா மீனு குடுப்பாங்களா?"

"பலாப்பழமும் தருவாவ சார். ஒருத்தரு கோழிக்குஞ்சு தந்தாரு."

"காசு?"

"அதுதான் எப்பமாவது."

அவர் வாய்விட்டுச் சிரித்தார். அந்த அம்மா மட்டும் சிரிக்கவில்லை. "ஐஸ் கரைஞ்சுட்டு இருக்குதுங்க. மொதல்ல வீட்டுல குடுத்துட்டு வாங்க. நாங்க குளிச்சுச் சாப்பிட்டு இருக்கறோம். வர்றப்ப காரைக் கழுவீருங்க" என்றார். மீன் தொடாத ஒருவர் என் வீட்டுக் குழம்புக்காகக் கவலைப்பட்டது எனக்கு என்னவோ போலிருந்தது.

ஊருக்குப் போனதும் அவர்கள் முதலாளியைக் கூப்பிட்டு, இப்படி ஒரு டிரைவரைப் பார்த்ததில்லை என்று சொல்லியிருக்கிறார்கள்.

"நல்ல பேரு வாங்கிட்டியே மக்கா! இதுக்கு மேல என்ன வேணும்?"

"தினப்படியில நூறு ரூவா கூட்டித் தாங்க அண்ணாச்சி."

அரைமணி நேரம் டீசல் விலையைப் பற்றிப் பேசினார். கடைசியில் ஐம்பது கூட்டினார்.