கபுகி முகத்துக்கு என் அரிதாரம்

எங்கள் வீட்டில் இட்லிக்கு முன்னால் ஜப்பானிய மொழியில் நன்றி சொல்லப்படுகிறது. தாராவியில் ஒற்றை அறை; மகள் மதி தட்டின் முன் கைகூப்பி 'இதாதாகிமாஸ்' என்கிறாள். கல்லூரியில் படிக்கிறவள், தமிழை எழுத்துக்கூட்டித்தான் வாசிப்பாள். அனிமே என்கிற ஜப்பான் கார்ட்டூன் மட்டும் தலைகீழ்ப் பாடம். நான் சிரித்துவிட்டுத் தோல் பட்டறைக்குப் போய்விடுவேன்.

போன மாதம் போனை என் முகத்துக்கு நேரே நீட்டினாள். வெள்ளை பூசிய முகம், சிவந்த உதடு, தாழ்ந்த பார்வை.

"அப்பா, இது ஆம்பள! கபுகின்னு பழைய நாடகம். பொம்பள வேஷமும் இவங்கதான் கட்டுவாங்க. அனிமேல ஹீரோ திடீர்னு கண்ண உருட்டி அப்படியே நிப்பான்ல, அதெல்லாம் இங்கேருந்துதான். கித்னா கிரேட், இல்ல?"

"ம்" என்றேன்.

ஊரில் இருந்து இதை வாசிக்கிறவர்களில் சிலருக்கு என்னை நினைவிருக்கலாம். பதினேழு வயதில், திருநெல்வேலிப் பக்கத்துக் கோயில் கொடைத் திருவிழாக்களில், மகுட மேளத்துக்குப் பெண் வேடம் கட்டி ஆடியவன். ஆடும்போது கும்பிட்ட நீங்களே, விடிந்ததும் டீக்கடையில் பொம்பளையைக் கூப்பிடுவதுபோல "ஏட்டி" என்று கூப்பிட்டுச் சிரித்தீர்கள். அந்தச் சிரிப்புக்குப் பயந்துதான் பம்பாய்க்கு ரயிலேறினேன். இங்கே என் மனைவியைத் தவிர யாருக்கும் தெரியாது. ஒருமுறை தாராவிக் கொடைக்கு அதே கூத்தை வரவழைத்தார்கள். எட்டு வயது மதி பார்க்க வேண்டுமென்று அழுதாள். "அசிங்கம்ளா அது, நாம பாக்கப்பிடாது" என்று கதவைத் தாழிட்டேன். இப்போது ஜப்பான்காரன் ஆடினால் கலை என்கிறாள். அவளை என்ன சொல்ல? நம்முடையதைக் கண்ணிலேயே காட்டாதவன் நான்தான்.

செம்பூரில் அனிமே ரசிகர்களுக்கு ஒரு மாறுவேடப் போட்டி. மதி கபுகிப் பெண்ணாகப் போக இருந்தாள். அன்று காலை பார்லரில் பூசிய வெள்ளை, வீடு வருவதற்குள் திட்டுத்திட்டாக வெடித்துவிட்டது. அழுதவளைப் பார்க்கப் பொறுக்கவில்லை. எல்லாவற்றையும் துடைத்தேன். தேங்காயெண்ணெயை மெலிதாகத் தடவி, ஈரத் துணியால் வெள்ளையை ஒற்றி ஒற்றி ஏற்றினேன். புருவம் இழுத்தேன்.

"முட்டிய லேசா மடக்கு. தோள எறக்கு. எதுத்தாப்ல நிக்கவன் மொகத்தப் பாக்காத, காலப் பாரு" என்று நடந்தும் காட்டிவிட்டேன்.

மதி அசையாமல் நின்றாள். "அப்பா, சச் போலோ, நெசத்தச் சொல்லுங்க. இத எங்க படிச்சீங்க?"

நாக்கு நுனி வரை வந்தது.

"உன் வீடியோவப் பாத்துத்தான்" என்றேன்.

முதல் பரிசு அவளுக்குத்தான். மேடையில் மைக்கை நீட்டி, யார் கற்றுக்கொடுத்தது என்று இந்தியில் கேட்டார்கள். வீடியோ பார்த்தே என் பப்பா கற்றுக்கொண்டார் என்று அவளும் இந்தியில் பெருமையாகச் சொன்னாள். அரங்கமே கைதட்டியது. நான் ஆடியதற்கு ஒருநாளும் யாரும் கைதட்டியதில்லை.

முட்டியை மடக்கி, தோளை இறக்கி, என் நடையில் அவள் மேடையிலிருந்து இறங்கி வந்தாள். பக்கத்தில் நின்றவர் என் தோளைத் தட்டி, "ஏக்தம் ஜப்பானி!" என்றார், அச்சு அசல் ஜப்பான் என்று. நகக்கண்ணில் வெள்ளை ஒட்டிய கையைப் பையில் விட்டுக்கொண்டு, ஆமாம் என்று தலையாட்டினேன்.