மீனைக் காதில் வைத்துக் கேட்கிறவர்

தேங்காய்த்திட்டுத் துறைமுகத்தில் மீன் ஏலம் முடிந்து கூடைகள் கலைகிற நேரம். அந்துவான் ஒரு வஞ்சிரத்தை இரண்டு கையாலும் தூக்குகிறார். செவுளைப் பிரித்துப் பார்த்தாயிற்று, வயிற்றை அழுத்திப் பார்த்தாயிற்று. கடைசியாக அதைக் காதருகே கொண்டுபோய், கண்ணை மூடிக்கொண்டு கேட்கிறார். "இன்னா முசியே, மீனு இன்னா சொல்லுது?" என்று மீன்காரி சின்னப்பொண்ணு வழக்கம்போலக் கேட்க, "ஒண்ணும் சொல்லலம்மா, அதான் நல்ல மீனு" என்று வழக்கம்போல அவரும் சொல்லிவிட்டுப் பைக்குள் போடுகிறார். கூட வந்திருக்கும் மனைவி எலிஸபெத், யார் பெற்ற பிள்ளையோ என்பது மாதிரி வேறு பக்கம் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். கட்டிக்கொண்டு வந்த நாளிலிருந்து இந்தக் கூத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறவள் அவள்.

குருசுக்குப்பத்தில் அவர்கள் வீட்டைச் 'சொல்தா வீடு', அதாவது பட்டாளத்துக்காரர் வீடு என்பார்கள்; அவரைப் பிரெஞ்சு மரியாதையில் 'முசியே' என்பார்கள். பிரெஞ்சுப் பட்டாளத்தில் சமையற்காரராக இருந்து ஓய்வு பெற்றவர் அந்துவான். வயது எழுபத்தைந்து. மீசை அரும்பிய வயதில் அவரைப் பசிபிக் கடலின் நடுவே மொருரோவா என்ற பவளத்தீவுக்கு அனுப்பினார்கள். பிரான்ஸ் தன் அணுகுண்டுகளைப் பலூனில் கட்டித் தொங்கவிட்டு வெடித்துப் பார்த்துக்கொண்டிருந்த இடம் அது. தீவுக்கு நடுவில் இருந்த காயலில் மீன் பிடிக்கக் கூடாது என்று உத்தரவு. பையன்கள் கேட்பார்களா? பிடித்துக்கொண்டு வந்து அந்துவானிடம் நீட்டுவார்கள். அதிகாரி ஒருவர் கதிர்வீச்சைக் காட்டும் பெட்டி ஒன்றைக் கொண்டுவந்து மீனின் மேல் காட்டுவார். பெட்டி 'கிட்டு கிட்டு' என்று சத்தம் போட்டால் மீன் குழிக்குப் போகும். பெட்டியும் இல்லை, அந்தத் தீவும் இப்போது எட்டாத தூரத்தில் இருக்கிறது. காது மட்டும் பழக்கத்தை விடவில்லை.

"சண்டையில போட்டது ரெண்டே ரெண்டு. ஈரோசிமா, நாகசாகி. சின்னப் புள்ளகூட சொல்லும். ஒத்திகைக்குன்னு போட்டாங்களே ஆயிரக்கணக்குல, அத யாரு கேக்குறா?" என்பார். அமெரிக்காக்காரன் போட்டது, ருசியாக்காரன் போட்டது, சகாரா மணலில் பிரெஞ்சுக்காரன் போட்டது என்று அடுக்க ஆரம்பித்தால் கேட்கிறவருக்குத் தப்பிக்க வழியில்லை. சிலிண்டர் கொண்டுவருகிற பையனுக்கும், வங்கியில் முன்னால் நிற்கிறவருக்கும், கதிர்காமம் பேருந்தில் பக்கத்துச் சீட்டுக்காரருக்கும் இந்தக் கதை தெரியும். பெத்தாங் என்ற பிரெஞ்சுப் பந்து விளையாட்டு ஆடுகிற மற்றப் பழைய சொல்தாக்கள் இரும்புப் பந்தைத் துடைத்தபடி நைசாக நகர்ந்துவிடுவார்கள். வாயைத் திறந்தால் பென்சனுக்கு வேட்டு என்று இன்னமும் நம்புகிறவர்கள் அவர்கள்.

அவர் தொண்டையில் குறுக்காக ஒரு தழும்பு. தைராய்டை எடுத்த இடம். சட்டைப் பொத்தானைப் போட்டால் மறையும், போட மாட்டார். குண்டினால் வந்ததா என்றால், "இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம்னு டாக்டரு சொன்னாரு. நானும் அதத்தான் சொல்லுவேன். கூட்டியும் சொல்ல மாட்டேன், கொறச்சும் சொல்ல மாட்டேன்" என்பார். இந்த ஒரு குணத்துக்காகத்தான் எலிஸபெத்துக்கு அவர் மேல் அத்தனை பிரியம். இந்த ஒரு குணத்தால்தான் அவள் இரத்தக் கொதிப்புக்கு மாத்திரை சாப்பிடுகிறாள்.

காரணம், மகள் லெத்திசியா. தனியார் பள்ளியில் பிரெஞ்சு டீச்சர். முப்பத்திரண்டு வயதாகிறது. பிரெஞ்சுக் குடியுரிமை உள்ள பெண்ணுக்கு இந்த ஊரில் வாசலில் வரிசை நிற்கும். இவளுக்கும் நின்றது. இரண்டு இடம் பேச்சு முற்றி வந்த நேரத்தில், அந்துவான் மாப்பிள்ளை வீட்டாரை உட்காரவைத்து மொருரோவாவைச் சொன்னார். காப்பி ஆறுவதற்குள் அவர்கள் செருப்பைத் தேடினார்கள். "ஏங்க, ஒங்களுக்கு வெனை வெளியில இல்லீங்க, வாயில இருக்குது" என்று எலிஸபெத் அழுதாள். அவரும் அன்று சாப்பிடவில்லை. "நாளைக்குப் பொறக்குற புள்ளைக்கு ஒண்ணுன்னா, தெரியாமக் கட்டிட்டோம்னு எம்பொண்ணப் பாத்து ஒருத்தன் கேக்கக் கூடாது எலிஸ்" என்றார். லெத்திசியாவும் அப்பா கட்சிதான். கேட்டுவிட்டு நிற்கிறவன் வந்தால் போதும் என்று சொல்லிவிட்டாள். தாய்க்கு மட்டும் தூக்கம் வரவில்லை.

வஞ்சிரம் வாங்கிய அந்த ஞாயிற்றுக்கிழமை மூன்றாவது இடம் வந்தது. தவளக்குப்பத்துக்காரர்கள். மாப்பிள்ளை பிரேம்குமார், லெத்திசியாவோடு ஏற்கெனவே பேசிப் பிடித்துப்போன பையன். அப்பா பாஸ்கால், பிரெஞ்சுக் கடற்படையில் இருந்தவர், பிரான்ஸில் தூலோன் துறைமுகத்தில் மெக்கானிக்; கேட்டதற்கு மட்டும் பதில் சொல்கிற மனிதர். அம்மா தாமரைச்செல்வி இருவருக்கும் சேர்த்துப் பேசினாள். காலையிலேயே எலிஸபெத் புருஷனிடம் வாக்கு வாங்கியிருந்தாள். "நானா ஆரம்பிக்க மாட்டேன்" என்று மாதா படத்தின் முன் நின்று சொல்லியிருந்தார். சொன்னபடியே அரைமணி நேரம் வெயிலைப் பற்றியும் மீன் விலையைப் பற்றியும் மட்டும் பேசினார். அவர் படுகிற பாட்டைப் பார்க்க எலிஸபெத்துக்கே பாவமாக இருந்தது.

"அண்ணே, கழுத்துல இன்னா தழும்பு?" என்று தாமரைச்செல்விதான் கேட்டாள்.

"தைராய்டு. ஊர்ல எல்லாருக்கும் வர்றதுதானே" என்று எலிஸபெத் பாய்ந்தாள்.

அந்துவான் மனைவியைப் பார்த்தார். மன்னிப்புக் கேட்கிற பார்வை. பிறகு ஆரம்பித்தார். தீவு, பலூன், காயல், மீன், அறுவை சிகிச்சை, டாக்டர் சொன்னது, மகளுக்கு எடுத்த பரிசோதனைகளில் குறை ஒன்றும் தெரியவில்லை என்பது, ஒன்றையும் விடவில்லை. தாமரைச்செல்வி கைப்பையைத் தோளில் மாட்டினாள். "எங்களுக்கு ஒரே புள்ளண்ணே. தெரிஞ்சே..." என்று எழுந்தாள். "அம்மா, உக்காரு" என்றான் பிரேம்குமார். அவள் உட்காரவில்லை.

"கேட்டுட்டுப் போம்மா" என்று அந்துவான் தொடர்ந்தார். "குண்டு போடுற அன்னைக்கி கப்பல்ல ஏத்திக் கடலுக்குள்ள தூரமா கொண்டுபோயிட்டாங்க. எல்லாரையும் மேல்தளத்துல உக்கார வெச்சாங்க. ஒலிபெருக்கியில தலைகீழா எண்ண ஆரம்பிச்சாரு ஆபீசரு. சிஸ்... சேங்க்... காத்ரு..."

நாற்காலி கிறீச்சிட்டது. பாஸ்கால் அப்படியே சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். வலது கையை மடக்கி, முழங்கை மடிப்பில் கண்களை அழுத்திப் புதைத்தார். எலிஸபெத்துக்கு உடம்பு சிலிர்த்தது. இந்தக் கதையில் அடுத்து வருவது அவளுக்கு மனப்பாடம்: முதுகைத் திருப்பு, கை மடிப்பில் கண்ணைப் புதை என்பது அன்றைய உத்தரவு. ஆனால் அந்துவான் இன்னும் அந்த இடத்துக்கு வரவில்லையே!

"இன்னாங்க? இன்னா ஆச்சி?" என்று தாமரைச்செல்வி பதறினாள்.

"நானும் இருந்தேன்." மடித்த கைக்குள்ளிருந்து குரல் வந்தது. "கப்பல் எஞ்சின் ரூம்ல வேல. வெடிக்கிற அன்னைக்கி மேல கூப்டாங்க. முதுகுல அடுப்பத் தொறந்தாப்ல இருந்திச்சி."

"தூலோன்னீங்களே? இத்தினி வருசமா தூலோன்னுதானே சொன்னீங்க?"

"நெசத்தச் சொல்லியிருந்தா ஒங்கப்பா பொண்ணு குடுத்திருப்பாரா?"

தாமரைச்செல்வி புருஷனின் முதுகையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு மகனைப் பார்த்தாள், ஓங்குதாங்காக வளர்ந்து நிற்கும் மகனை. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். கைப்பையைக் கழற்றி நாற்காலியில் வைத்துவிட்டு, "எலிஸபெத்தக்கா, எல போடுங்க. சாப்புட்டுட்டே போறோம்" என்றாள். சம்பந்தம் முடிவாகாத வீட்டில் மாப்பிள்ளை வீட்டார் கை நனைப்பதில்லை. அட மனிதா, உன் வாய் நல்ல வாய்தான் என்று எலிஸபெத்துக்குப் புருஷனைக் கட்டிக்கொள்ள வேண்டும்போல் இருந்தது.

அவரோ இதையெல்லாம் கவனிக்கவே இல்லை. எவர் எழுந்து போனாலும் கதையை முடித்துவிட்டே ஓய்கிற அந்துவான், பாதியில் நிறுத்தியிருந்தார். முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்து சுவரோரம் போனார். பாஸ்காலின் கை இன்னும் கண்ணைவிட்டு இறங்கவில்லை.

"முடிஞ்சிடுச்சி முசியே. கண்ணத் தெறங்க" என்று, அந்தக் கையை மணிக்கட்டில் பிடித்து, மெல்லக் கீழே இறக்கினார்.