சமையலறையைச் சந்தேகித்த ஃபயர்வால்

போன செவ்வாய்க்கிழமை மத்தியானம், ஹோட்டலை இன்டர்நெட்டிலிருந்து காப்பாற்றப் போய், இன்டர்நெட்டை ஹோட்டலிடமிருந்து காப்பாற்றிவிட்டேன்.

விளக்குகிறேன். நான் எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். நாலு நாடு சுற்றி, இப்போது சுவிட்சர்லாந்தின் இன்டர்லாக்கனில் ஒரு ஹோட்டலில் கோப்பை கழுவுகிறேன். கம்ப்யூட்டர் வேலை, பஸ்ஸில் வரும்போதும் போகும்போதும் போனில் பார்த்துக் கற்றது. மனேஜர் அம்மா ஒரு வாய்ப்புத் தந்தார். இன்டர்நெட் வழியே வெளியாட்கள் ஹோட்டல் கணினிகளுக்குள் நுழையாமல் தடுக்கும் ஃபயர்வால் போட்டுக் காட்டினால் ஆபீஸ் வேலை. இல்லையென்றால் கோப்பைதான்.

ஃபயர்வால் என்றதும் ஒரு பெட்டியை நினைக்காதீர்கள். ஒரு லினக்ஸ் சர்வர். அதற்குள்ளே மென்பொருளால் மட்டும் ஆன ஒரு கற்பனைக் கணினி – அதுதான் காவல்காரன். அதற்கு இரண்டு நெட்வொர்க் கார்டுகள். அவையும் கற்பனைதான்… தொட முடியாது. ஒன்று வெளியுலகுக்கு, மற்றது ஹோட்டலுக்கு.

எது எதற்கு என்று பார்த்தேனா? முதலாவது ஹோட்டலுக்குத்தான் என்று நானே தீர்மானித்தேன். நம்மாட்கள் எந்தக் காலத்தில் கையேடு படித்தார்கள்?

ஓட விட்டேன். திரையில் எல்லாம் பச்சை. பெருமையடிக்கச் சமையலறைக்குப் போனால், சாப்பாட்டு ஓடர்த் துண்டுகளை அச்சடிக்கும் பிரிண்டர் ஊமையாக நிற்கிறது.

“டேய், வெளியில சனம் நிரம்பி வழியுது. ஒரு துண்டும் வரேல்லை,” என்றார் சமையல்காரர் குணம் அண்ணை.

“அது பாதுகாப்பு அண்ணை.”

“ஆரிட்ட இருந்து? என்னட்ட இருந்தோ?”

அதேதான். கார்டுகள் இடம் மாறியதில், காவல்காரன் ஹோட்டலையே வெளியாள் என்று மறித்துவிட்டான். எத்தனை எல்லைகளில் வெளியே நின்றவன் நான்… உள்ளே எது, வெளியே எது என்று எனக்கல்லவா முதலில் கேட்கத் தோன்றியிருக்க வேண்டும்?

பரிமாறுகிறவர்கள் வாயால் கத்த, அண்ணை காதால் கேட்டுச் சமைத்தார். நான் ஓடிப்போய்த் திரையில் கார்டுகளை மாற்றிப் போட்டேன். உடனே வேலை செய்தது. தேங்கிக் கிடந்த ஓடர்கள் எல்லாம் பிரிண்டரிலிருந்து ஒரே நாடாவாக வந்தன. அண்ணை அத்தனையையும் திரும்பச் சமைக்கத் தொடங்கினார்.

“அண்ணை, இதெல்லாம் முதலே குடுத்த சாப்பாடு.”

“துண்டு வந்தா சமைக்கிறது என்ர வேலை. வாறதை மறிக்கிறது உன்ர வேலை.”

பதினெட்டுத் தட்டு உருளைக்கிழங்கு ரோஷ்டி வரிசையில் நிற்க, மனேஜர் அம்மா வந்தார். தட்டுகளைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

“இப்போது வெளியிலிருந்து யாரும் நுழைய முடியாதா?”

“முடியாது.”

“நாளையிலிருந்து ஆபீசுக்கு வாருங்கள்.”

கார்டு மாறிய கதையையும் கேட்டுவிட்டுப் போனவர் இரண்டு லேபிள்களோடு திரும்பி வந்தார். ‘உள்’, ‘வெளி’ என்று ஜெர்மனில் அழகாக அச்சடித்திருந்தது. லேபிள் ஒட்டாமல் இந்த நாட்டில் எதுவும் நகராது.

“அந்த இரண்டு கார்டுகளிலும் ஒட்டிவிடுங்கள். இனிக் குழப்பம் வராது.”

தலையாட்டி வாங்கிக்கொண்டேன். இல்லாத கார்டில் எப்படி ஒட்டுவது என்று கேட்கலாம்தான்… முதலில் வேலை நிரந்தரமாகட்டும்.