நாங்கள் கீறிய பேய்

வாரத்தில் ஒரு நாள் பின்னேரம் டீவியில் அந்தக் காட்டூன் போகும். துப்பறியும் பிள்ளைகள் பேயைத் துரத்திப் பிடித்து முகமூடியைக் கழற்றுவார்கள். உள்ளே யாராவது பேராசை பிடித்த முதலாளி இருப்பார். சாய்ந்தமருதில் எங்கள் வகுப்பே அதைப் பார்த்தது. தொண்ணூறுகளின் நடுப்பகுதி. நானும் என் உம்மாவின் தங்கையான சாச்சியின் மகளும் அதைக் கேலி செய்து ஒரு கொப்பியில் படக்கதை செய்தோம். அவள் படம் கீறினாள், நான் கதை எழுதினேன். எங்கள் கதையில் முகமூடியைக் கழற்றினால் உள்ளே நிஜப் பேய். துப்பறிய வந்தவர்கள் செருப்பை விட்டுவிட்டு ஓடுவார்கள்.

அந்தப் பேய்க்கு ஒரு முகம் வேண்டியிருந்தது. பாடசாலை வாசலில் மாங்காய் அச்சாறு விற்ற, அக்கா முறையில் நாங்கள் ராத்தா என்று கூப்பிடும் பெண்ணின் முகத்தைக் கொடுத்தோம். எப்போதோ விளக்குச் சரிந்து அவருடைய ஒரு கன்னம் வெந்திருந்தது. முக்காட்டை இழுத்து அதை மறைத்தபடிதான் மாங்காய் கட்டித் தருவார். அவர் முகத்தைக் கீறச் சொன்னது நான்தான்.

"பாவம்டி," என்றாள் அவள்.

"ஆருக்கு விளங்கப் போகுது? கீறு."

எல்லோருக்கும் விளங்கியது. கொப்பி வகுப்பு வகுப்பாகப் போனது. சின்ன வகுப்புப் பிள்ளைகள் வாசலில் நின்று, "முகமூடியக் கழட்டுங்க ராத்தா," என்று கத்தத் தொடங்கினார்கள். முதல் இரண்டு நாள் அவர் சிரித்தார். பிறகு வரவில்லை.

கொப்பியைத் தேடி வாங்கிக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். உண்மையைச் சொல்லத்தான் போனேன். அவர் கொப்பியைக் கண்டதும் கையை நீட்டினார்.

"இதுதானா அது? எனக்கு வாசிக்கத் தெரியா புள்ள. நீ வாசி."

எழுதியிருந்ததை நான் வாசிக்கவில்லை. அது நல்ல பேய் என்றும், களவெடுக்க வந்த முதலாளியை அதுதான் விரட்டியது என்றும் அந்த இடத்திலேயே இட்டுக்கட்டினேன். அவர் கடைசிவரை கேட்டார். பிறகு படத்தின் மேல் விரலை வைத்தார்.

"நல்ல கதைதான். இது நான்தானே?"

"ஓம்."

"ஆரு கீறின?"

"தெரியா ராத்தா."

அவர் கொப்பியை மூடி என்னிடம் தந்தார். "கீறின ஆளக் கண்டாச் சொல்லு. காயம் மற்றப் பக்கம்."

அடுத்த மாதம் அவர் அக்கரைப்பற்றில் இருந்த மகள் வீட்டுக்கே குடிபோய்விட்டார். சாச்சியின் மகள் பஸ் ஏறி அங்கே போய், கீறியது தான்தான் என்று சொல்லி மாப்புக் கேட்டுவிட்டு வந்தாள்.

"என்னைப் பத்திக் கேட்டாவா?" என்றேன்.

"எழுதினது ஆரெண்டு கேட்டா. நான் சொல்லல்ல."

அவளுக்கு நன்றி சொன்னேன். மனம் லேசானதுபோல்கூட இருந்தது. அதை நினைக்கத்தான் இன்றைக்கும் வெட்கமாக இருக்கிறது.